தேவதூதர் வாயில் ஆங்கில நாக்கு

ஒரு மொழிக்கு மந்திர சக்தி உண்டா என்று ஒலியியலிடம் கேட்டால் பதில் வராது. அந்த மொழி யாருடைய வாயில் பிறந்தது என்று கேட்டால் வரும், அதுவும் கைரேகை நிபுணர் சொல்வதுபோலக் கறாராகவே வரும். வானத்திலிருந்து இறங்கியது, செவ்வாய்க் கிரகத்தில் பேசப்படுவது, ஏதேன் தோட்டத்தில் ஆதாம் பேசியது என்றெல்லாம் உரிமை கொண்டாடப்பட்ட மொழிகள் உலகில் பல இருந்திருக்கின்றன. அவற்றின் ஒலிகளை எண்ணி, எந்த ஒலியை அடுத்து எந்த ஒலி வருகிறது என்று பட்டியல் போட்டுப் பார்த்தால், திரைக்குப் பின்னாலிருந்து முதலில் பேசியவரின் தாய்மொழி எட்டிப் பார்க்கிறது. அப்படியானால் கேட்பவருக்கு அது மந்திரம்போல் ஒலிப்பது எதனால்? அந்தத் தாய்மொழியின் விதிகளை அது மீறுகிற சில இடங்களால் என்பதே இந்தக் கட்டுரையின் வாதம். அதற்கு வசதியான சாட்சி ஒன்று இருக்கிறது: 1580களில் இங்கிலாந்தில் முளைத்துப் போலந்தில் வளர்ந்த ஏனோக்கிய மொழி. வசதியானது என்று சொல்லக் காரணம், அது வந்த விதத்தை ஒரு கணித அறிஞர் நாள் தவறாமல் எழுதி வைத்திருக்கிறார்.

அந்த அறிஞர் ஜான் டீ. இன்று அவரை மந்திரவாதி என்றே பலரும் நினைத்தாலும், 1527இல் பிறந்த அவர் தம் காலத்து இங்கிலாந்தின் முதல் வரிசைக் கணித அறிஞர். யூக்ளிடின் நூல் 1570இல் ஆங்கிலத்தில் வந்தபோது அதற்கு நீண்ட முன்னுரை எழுதியவர். முதலாம் எலிசபெத்தின் முடிசூட்டு விழாவுக்கு நாள் குறித்துக் கொடுத்தவரும் அவரே. தேம்ஸ் கரையில் மார்ட்லேக் என்ற ஊரில், அந்த நாட்டின் பெரிய நூலகங்களில் ஒன்றை வீட்டிலேயே வைத்திருந்தார். இவ்வளவு படித்தும் படைப்பின் ரகசியம் புத்தகத்தில் அகப்படவில்லை என்ற ஏக்கத்தில், தேவதூதர்களிடமே கேட்டுவிடுவது என்று இறங்கினார். நம் ஊரில் மை போட்டுப் பார்ப்பார்களே, கிட்டத்தட்ட அதே முறைதான்: மேசைமேல் ஒரு கல், அதை உற்றுப் பார்த்துச் சொல்ல ஓர் ஆள். டீயின் கண்ணுக்குக் கல்லில் எதுவும் தெரியவில்லை. 1582 மார்ச்சில் வந்து சேர்ந்த எட்வர்ட் கெல்லிக்குத் தெரிந்தது. 1583இல் 21 எழுத்துகள் கொண்ட ஒரு நெடுங்கணக்கு வந்தது. அதையொட்டி ‘லோகயெத்’ என்ற நூல், பெரும்பாலும் 49க்கு 49 கட்டங்களாக எழுத்து நிரப்பிய பக்கங்களோடு வந்தது. அடுத்த ஆண்டு கிராக்கோ நகரில் ‘அழைப்புகள்’ என்ற மந்திரங்கள் ஆங்கிலப் பொருளோடு வந்தன. சொற்களை நேராகச் சொன்னால் அவற்றின் சக்தி அங்கேயே வேலை செய்யத் தொடங்கிவிடும் என்பதால், தொடக்கத்தில் எழுத்துகள் கடைசியிலிருந்து முதலுக்கு, தலைகீழாகச் சொல்லப்பட்டன. டீ அதைத் தேவதூதர் மொழி என்றே குறித்தார். விவிலியத்து ஏனோக்கின் பெயரை அதற்குச் சூட்டியவர்கள் பின்னால் வந்தவர்கள்.

முதலில் அந்த 21 என்ற எண்ணைப் பார்க்கலாம். டீ காலத்து ஐரோப்பிய அறிஞர்கள் கற்ற லத்தீன் நெடுங்கணக்கில் 23 எழுத்துகள். அதில் கே, ஒய் இரண்டையும் கழித்தால் மிச்சம் 21. தேவதூதர் எழுத்துகள் வடிவில் புதியவை, வலமிருந்து இடமாக எழுதப்படுபவை, ‘பா’, ‘வே’, ‘கெட்’ என்று பெயர்கூடத் தனியாகக் கொண்டவை. ஆனால் ஒவ்வோர் எழுத்தும் ஒரு லத்தீன் எழுத்துக்கு முகமூடி போட்டாற்போல நேருக்கு நேர் நிற்கிறது. இதில் எக்ஸ் என்ற எழுத்துக்கும் ஓர் இணை இருப்பதைக் கவனிக்க வேண்டும். எக்ஸ் ஒரு தனி ஒலி கிடையாது. ககரமும் சகரமும் சேர்ந்த கூட்டு. கிரேக்கரும் ரோமானியரும் தங்கள் எழுத்து வரலாற்றில் நேர்ந்த ஒரு தற்செயலால் அந்தக் கூட்டுக்குத் தனி எழுத்து வைத்துக்கொண்டார்கள். அதே தற்செயல் ஏதேன் தோட்டத்திலும் நேர்ந்தது என்று நம்ப நிறையப் பெருந்தன்மை வேண்டும். கியூவுக்கும் தனி எழுத்து இருக்கிறது, ககர ஒலிக்கு வேறொன்று ஏற்கெனவே இருந்தும். அதைவிடச் சுவையானது, டீ பக்க ஓரங்களில் எழுதிவைத்த உச்சரிப்புக் குறிப்புகள். ஒரு சொல்லில் ஜி என்ற எழுத்தைக் ககரமாகவும் இன்னொன்றில் ஜகரமாகவும் படிக்க வேண்டியிருக்கிறது. சி என்ற எழுத்து ஓரிடத்தில் ககரம், மறுஇடத்தில் சகரம். ஆங்கிலம் படிக்கும் பிள்ளைகள் பள்ளியில் படுகிற அதே பாடு. ஒரே எழுத்துக்கு இரண்டு ஒலி என்ற அந்தச் சிக்கல், லத்தீன் ஒலிகள் பிரெஞ்சு வழியாக நூற்றாண்டுக் கணக்கில் திரிந்து ஆங்கிலத்துக்கு வந்ததன் விளைவு. வரலாறே இல்லாத ஒரு மொழியில் வரலாற்றின் தழும்பு எப்படி வந்தது?

எழுத்து வேறு, ஒலி வேறு. தேவதூதர் சொன்னதை டீ தமக்குத் தெரிந்த எழுத்தில் பிடித்திருக்கலாம், குறை படியெடுத்தவருடையது, மொழியுடையதாகாது என்று ஒருவர் மறுக்கலாம். நியாயமான மறுப்பு. தமிழ் எழுத்தில் ஆங்கிலத்தை எழுதிவிட்டு ஆங்கிலத்துக்கு ஃபகரமே கிடையாது என்று முடிவுகட்டினால் எவ்வளவு தவறோ, அவ்வளவு தவறு இதிலும் நேரலாம். ஆகவே எழுத்தை விட்டுவிட்டு, ஒலிகள் எப்படி அடுக்கப்பட்டிருக்கின்றன என்று பார்க்க வேண்டும். தொல்காப்பியம் மொழிக்கு முதலில் வரும் எழுத்து எவை, இறுதியில் வருபவை எவை, எந்த மெய்யை அடுத்து எந்த மெய் மயங்கும் என்று வகுத்து வைத்திருக்கிறதே, அந்தக் கணக்குத்தான். இன்றைய மொழியியலும் ஒரு மொழியின் அடையாளத்தை ஒலிப்பட்டியலில் தேடுவதைவிட இந்த மயக்க விதிகளில்தான் உறுதியாகப் பிடிக்கிறது. ஏனோக்கிய மொழிக்கு இந்தச் சோதனையைச் செய்தவர் ஆஸ்திரேலிய மொழியியலாளர் டொனால்ட் லேகாக். அவருடைய முழுநேர வேலை பப்புவா நியூ கினியின் மொழிகள். பூகன்வில் தீவில் அவர் ஆராய்ந்த புயின் மொழிக்கு அண்டையிலேயே, பதினொன்று போல ஒலியன்களை மட்டும் வைத்துக்கொண்டு குறையில்லாமல் குடும்பம் நடத்தும் ரொட்டோகாஸ் மொழி இருக்கிறது. மனித வாய் எவ்வளவு வேறுபட்ட ஏற்பாடுகளைச் செய்துகொள்ளும் என்று நேரில் கண்ட ஒருவர், 1978இல் ஏனோக்கிய மொழிக்கு ஓர் அகராதி வெளியிட்டார். அதன் முன்னுரை அகராதியைவிட முக்கியமானது.

லேகாக் கண்டது இரண்டு வெவ்வேறு சரக்கு. லோகயெத்தின் தொடக்கப் பகுதிகளில் அசைகள் ஆங்கிலேயர் வாய்க்கு இதமாக ஓடுகின்றன. மோனையும் எதுகையும் தாமாக விழுகின்றன. ஒரே அசை சிறு மாற்றத்தோடு திரும்பத் திரும்ப வருகிறது. கிறித்தவச் சபைகளில் ஆவி வந்து அன்னிய பாஷை பேசுவார்களே, அந்தப் பேச்சின் குணம் அப்படியே இருக்கிறது. அழைப்புகளின் சொற்கள் வேறு மாதிரி. மொத்தம் ஏறத்தாழ 250 சொற்கள். வாள் என்பதற்கு ‘நஸ்ப்சாத்’. ஆயிரம் என்பதற்கு ‘மாட்ப்’. 9639 என்ற எண்ணுக்கு ‘மாப்ம்’. வாய்விட்டுச் சொல்லிப் பாருங்கள். நஸ்ப்சாத்தில் மூன்று மெய்கள் உயிர் இல்லாமல் முட்டிக்கொள்கின்றன. மாட்ப் என்ற சொல்லில் நாக்கு நுனியை எடுப்பதற்குள் உதடு மூட வேண்டியிருக்கிறது. யாரோ பேசிப் பழகிய சொல் இப்படி இருக்காது. பேசப் பேச மழுங்கிவிடும். எழுத்துகளைக் குலுக்கிப் போட்டு எடுத்தால் இப்படித்தான் வரும் என்பது லேகாக்கின் கணிப்பு. டீயின் நாட்குறிப்பும் அதற்கு ஒத்துப்போகிறது: அந்தச் சொற்கள் கட்டம் போட்ட அட்டவணைகளிலிருந்து ஒவ்வோர் எழுத்தாகச் சுட்டிக் கொடுக்கப்பட்டவை. எண்களைப் பார்த்தால் இது இன்னும் தெளிவாகும். 12க்கு ‘ஓஸ்’, 26க்கு ‘ஓக்ஸ்’, 28க்கு ‘ஓப்’, 456க்கு ‘க்லா’. ஐந்திலக்க எண்ணான 69636க்குக்கூட ‘பெரால்’ என்று ஒரே சொல். எந்த இலக்கத்துக்கு எந்த ஒலி என்று யாராலும் பிரித்துக் காட்ட முடியவில்லை. உலகின் எந்த மொழியும் எண்ணை இப்படிச் சொல்வதில்லை. மனித நினைவு தாங்காது.

இதை வைத்துக்கொண்டே எதிர்வாதம் ஒன்று எழும். ஆங்கிலேய நாக்கு அடையாளம் தெரிகிறது என்றீர்கள், இப்போது ஆங்கிலத்தில் இல்லாத மெய்க் கூட்டங்களைக் காட்டுகிறீர்கள், எதை நம்புவது? மேலும் சொற்கள் குலுக்கிப் போட்டவை என்றால் பொருள் மாறாமல் வருவது எப்படி? ‘சொல்லுதல்’ என்பதற்கான ‘கோஹோ’ என்ற வேர் ‘கோஹுஸ்’, ‘கோஹியா’, ‘கோஹோல்’ என்று பல இடங்களில் ஒழுங்காகவே வருகிறது. உண்மைதான், சொற்களை யாரோ நினைவில் வைத்துத் திரும்பப் பயன்படுத்தியிருக்கிறார்கள். ஆனால் அந்தச் சொற்களைக் கோத்திருக்கும் விதத்தைப் பாருங்கள். ‘இருக்கிறேன்’ என்பதற்கு ‘சிர்தோ’, ‘இருக்கிறாய்’ என்பதற்கு ‘கே’, ‘இருக்கிறது’ என்பதற்கு ‘இ’, ‘இருக்கிறார்கள்’ என்பதற்கு ‘கிஸ்’. நான்குக்கும் பொது வேர் கிடையாது. ஆங்கிலத்தில் இந்த ஒரு வினைச்சொல் மட்டும் நான், நீ, அவன் என்று ஆளுக்கு ஆள் முழுசாக உருமாறுவது பழைய வேர்கள் பல ஒன்றில் கலந்ததால் நேர்ந்த விபத்து. வானத்து இலக்கணத்திலும் சரியாக அதே வினைச்சொல்லில் அதே விபத்து. சொற்களிலும் பரிச்சயமான முகங்கள் உண்டு: ஒளிக்கு ‘லூசிஃப்தியாஸ்’, பூமிக்குக் ‘கேயாஸ்’ என்ற கிரேக்கச் சொல்லின் சாயலில் ‘காவோஸ்கோ’, ‘உண்டாகட்டும்’ என்பதற்குக் ‘கிறிஸ்தேயோஸ்’. ஆக, நாக்கு தானாக ஓடும் இடத்தில் ஆங்கில அசை. மூளை தானாக ஓடும் இடத்தில் ஆங்கில இலக்கணமும் தேவாலயச் சொல்லும். வேண்டுமென்றே அன்னியப்படுத்திய இடத்தில் மட்டும் சொல்ல முடியாத மெய்க் கூட்டம். இரண்டு சான்றும் முரண்படவில்லை. ஒன்று துணி, மற்றது அதன்மேல் போட்ட சாயம்.

சாயம் எப்படி வெளுத்தது என்பதையும் பார்க்கலாம். டீ இறந்து அரை நூற்றாண்டுக்குப் பின், 1659இல் மெரிக் கசாபன் என்பவர் அந்த உரையாடல்களை அச்சிட்டார். 1888இல் லண்டனில் தொடங்கிய ‘பொன் விடியல்’ என்ற ரகசியச் சங்கம் அழைப்புகளைச் சடங்கில் ஓதத் தொடங்கியது. ஓத வேண்டும் என்றதுமே சிக்கல்: நஸ்ப்சாத்தை யார் சொல்வது? அவர்கள் மெய்களுக்கு நடுவே உயிரெழுத்துகளைச் செருகினார்கள். ‘சோன்ஃப்’ என்பது ‘சோனுஃப்’ ஆயிற்று. பள்ளிக்கூடத்துக்குப் போகாத தமிழ்க் கிழவி ஸ்கூலை இஸ்கூல் ஆக்குவதற்கும் இதற்கும் ஒலியியலில் வித்தியாசமே இல்லை. நாவுக்கு ஒவ்வாத கூட்டத்தை உயிர் கொடுத்துப் பிரிப்பது எல்லா மொழியாரும் செய்வது. இன்னொரு வேடிக்கையும் நடந்தது. ஆங்கில நெடுங்கணக்கின் கடைசி எழுத்தை டீ காலத்தில் ‘ஸாட்’ என்று சொல்லும் வழக்கம் இருந்தது; அவரும் ஓரக் குறிப்பில் அப்படி எழுதி வைத்தார். முந்நூறு ஆண்டு கழித்து வந்தவர்கள் அதை எழுத்தின் பெயராக எடுத்துக்கொள்ளாமல் ஒலியாகவே எடுத்துக்கொண்டார்கள். ‘அசைந்திடு’ என்று பொருள்படும் ‘ஸகார்’ அவர்கள் வாயில் ‘ஸாடகாரே’ ஆகிவிட்டது. இந்த உச்சரிப்பை இன்றும் பக்தியோடு பின்பற்றுகிறவர்கள் இருக்கிறார்கள். எலிசபெத் காலத்துப் பள்ளிக்கூடத்தில் எழுத்தைக் கூப்பிட்ட பெயர் ஒன்று மந்திர அசையாகப் பதவி உயர்வு பெற்றிருக்கிறது.

தாய்மொழியைத் தாண்டிப் போவது ஏன் இவ்வளவு கடினம்? காது மிகச் சீக்கிரம் கெட்டிப்பட்டுவிடுகிறது. ஜேனட் வெர்க்கரும் ரிச்சர்ட் டீஸும் 1984இல் வெளியிட்ட ஆய்வு இதற்கு நல்ல சான்று. ஆங்கிலம் பேசும் வீட்டுக் குழந்தைகள் ஆறேழு மாதத்தில் இந்தியின் தகரத்தையும் டகரத்தையும் வேறு வேறாகப் பிரித்துக் கேட்கின்றன. ஒரு வயதை நெருங்கும்போது அந்தத் திறமை பெரும்பாலும் போய்விடுகிறது, வீட்டில் அந்த வேறுபாடு தேவைப்படவில்லை என்பதால். கேட்காததை நாக்கும் சொல்லாது. அன்னிய பாஷைப் பேச்சைப் பதிவு செய்து ஆராய்ந்த வில்லியம் சமரின் 1972இல் எழுதிய நூலில் இதையே காட்டினார். பேசுகிறவருக்கு முன்பின் தெரியாத மொழி என்று தோன்றினாலும், ஒலிகள் அவருடைய சொந்த மொழியிலிருந்து எடுத்தவை; அதிலும் எளியவை, ஒரு மெய்யும் ஓர் உயிரும் மாறி மாறி வரும் அசைகள். இதனால் கெல்லியோ சபையில் பேசுகிறவரோ பொய்யர் என்று ஆகிவிடாது. முழு நம்பிக்கையோடு பேசினாலும் வாய் வேறெங்கும் போகாது என்பதுதான் செய்தி.

ஜெனீவாவில் எலேன் ஸ்மித் என்ற புனைபெயரில் அறியப்பட்ட ஆவி ஊடகப் பெண்மணியின் கதை இதில் மிகவும் நயமானது. அவர் மயக்க நிலையில் செவ்வாய் மொழி பேசினார். உளவியலாளர் தியோடோர் ஃப்ளூர்னுவா பல ஆண்டு கூடவே இருந்து பதிவு செய்து, 1900இல் நூலாக்கினார். செவ்வாய் மொழியின் உயிரும் மெய்யும் பிரெஞ்சு மொழியின் கையிருப்பு, சொல்வரிசையும் பிரெஞ்சு, பிரெஞ்சில் இரண்டு உயிர்கள் மோதாமல் இருக்க நடுவே தகரம் தோன்றும் பழக்கம்கூடச் செவ்வாயில் நிலவியது. இதே அம்மையார் முற்பிறவியில் இந்திய அரசகுமாரியாக இருந்து ஒருவகைச் சமஸ்கிருதமும் பேசினார். அதைச் சோதிக்க அழைக்கப்பட்டவர் ஃபெர்டினாண்ட் தெ சொசூர், பிற்காலத்தில் நவீன மொழியியலின் தந்தை என்று பெயரெடுத்தவர். அந்தப் பேச்சு சமஸ்கிருதம் ஆகாது என்று சொன்ன சொசூரை ஒரு விஷயம் மட்டும் தொந்தரவு செய்தது: அதில் ஃபகரமே வரவில்லை. சமஸ்கிருதத்திலும் ஃபகரம் கிடையாது, பிரெஞ்சிலோ தாராளமாக உண்டு. அது தெரியாமல் ஒருவர் எப்படித் தவிர்த்திருக்க முடியும்? விக்டர் ஹென்றி என்ற மொழியியலாளர் 1901இல் ஒரு விளக்கம் சொன்னார்: ‘ஃபிரான்சே’ என்ற சொல்லின் முதல் எழுத்து அது, பிரெஞ்சாக இருக்கக்கூடாது என்று அடிமனம் பிடிவாதமாக இருந்ததால் அந்த எழுத்தைக் கண்டு ஒதுங்கியது. விளக்கம் கொஞ்சம் சாமர்த்தியமானது, நிரூபிக்க வழியில்லாதது. நான் அதற்கு முழு மதிப்பெண் போட மாட்டேன். ஆனாலும் அது தொடுகிற இடம் சரியான இடம். மந்திர மொழி உருவாவது ஒன்றைச் சேர்ப்பதைவிட வீட்டு மொழியிலிருந்து விலகிக் காட்டுவதில்தான்.

இந்த விலகலை அளவுகோலாகவே பேசியவர் மானிடவியலாளர் மலினோவ்ஸ்கி. டிராப்ரியண்ட் தீவுகளின் தோட்ட மந்திரங்களைப் பற்றி 1935இல் எழுதியபோது, மந்திரச் சொல்லில் ஒரு விசித்திரக் குணகம் இருக்கிறது என்றார். அவருக்குப் பதில் சொல்வதுபோல 1968இல் ஒரு முக்கியமான கட்டுரை எழுதியவர் இலங்கைத் தமிழரான ஸ்டான்லி ஜெயராஜ தம்பையா. மந்திரம் முழுவதும் உளறல் என்பதை அவர் ஏற்கவில்லை. அன்றாட மொழியின் உவமையும் ஆகுபெயரும்தான் மந்திரத்திலும் வேலை செய்கின்றன என்றார். அதே கட்டுரையில் சிங்களப் பேயோட்டிகள் யக்ஷரை விரட்டும்போது சிங்களம், பாலி, சமஸ்கிருதம், தமிழ் என்று பல மொழி கலந்த ஒரு கலவையில் பேசுவதையும் சுட்டுகிறார். அந்தப் பட்டியலில் தமிழ் இருப்பதைக் கவனியுங்கள். நாம் கத்தரிக்காய் பேரம் பேசுகிற மொழி, அங்கே பேய்க்குப் புரியும் மொழி. ஒலி அதேதான், கேட்கிற காதுதான் வேறு. தமிழ் மந்திரவாதி ‘க்லீம்’ என்கிறார், ‘ஹ்ரீம்’ என்கிறார். இரண்டு மெய்யோடு தொடங்கும் சொல்லைத் தமிழ் ஏற்பதில்லை. ‘க்லேச’த்தைக் கிலேசம் ஆக்கிக்கொண்ட மொழி இது. அதனாலேயே க்லீம் நம் காதில் சிலிர்ப்பூட்டுகிறது. சமஸ்கிருதக் காதுக்கோ அந்தத் தொடக்கங்கள் வெகு சாதாரணம். அந்த இரண்டு பீஜ அசைகளும் சமஸ்கிருத ஒலிவிதியைத் தாண்டுவதில்லை. சித்தர் நூல்களில் அதுவும் ‘கிலியும்’ என்று ஆனது உண்டு. பொன் விடியல் சங்கத்தார் செய்த அதே பழுதுபார்ப்பு. இதற்கு நேர்எதிர்த் திசையில் போனவர் மார்க் ஓக்ராண்ட். 1984இல் வந்த ஸ்டார் ட்ரெக் படத்துக்காகக் கிளிங்கன் மொழியை வளர்த்த அவர், மொழியியல் படித்தவர் என்பதால் ஆங்கிலத்தில் இல்லாததைத் தெரிந்தே பொறுக்கினார். அப்படிப் பொறுக்கியதில் ஒன்று, நாக்கை மடித்துச் சொல்லும் டகரம். படம், வடை, கடை என்று நாள் முழுக்க நாம் சொல்கிற ஒலி அமெரிக்க ரசிகருக்கு வேற்றுக்கிரக வீரனின் உறுமல்.

பலமான மறுப்பு இனிமேல்தான் வருகிறது. ஒலிக்கும் பொருளுக்கும் இயல்பான உறவே இல்லை என்று அறிவியல் இப்போது சொல்வதில்லை. கூரான வடிவத்தையும் வட்ட வடிவத்தையும் காட்டி எது ‘கிகி’, எது ‘பூபா’ என்று கேட்டால், பெரும்பாலோர் கூரானதையே கிகி என்கிறார்கள். உளவியலாளர் கோலர் 1929இலேயே வேறு சொற்களை வைத்துத் தொடங்கிய சோதனை இது. வி. எஸ். ராமச்சந்திரனும் ஹப்பர்டும் 2001இல் இதைப் புகழடையச் செய்தார்கள். தமிழ் பேசுவோரிடமும் அதே விடை வந்ததாக ராமச்சந்திரன் எழுதியிருக்கிறார். அண்மையில் 25 மொழிகள் பேசும் 917 பேரிடம் நடந்த ஆய்வில் சுமார் 72 விழுக்காட்டினர் ஒத்துப்போனார்கள். அப்படியானால் பொருளோடு பிறந்த ஒலிகளாலேயே ஆன ஓர் ஆதிமொழி இருக்கலாம் அல்லவா? எண்ணை மறுபடி பாருங்கள்: இரண்டே விடையில், காசு சுண்டினாலே 50 கிடைக்கும் இடத்தில் 72. கூர், வட்டம், சிறிது, பெரிது போன்ற சில குணங்களுக்கு ஒரு சாய்வு உண்டு, அவ்வளவே. அதை வைத்து ‘வேலைக்காரன்’, ‘ராஜ்யம்’ என்பதற்கெல்லாம் சொல் செய்ய முடியாது. அந்தச் சாய்வை நன்கு பயன்படுத்தியவர் நாவலாசிரியர் டோல்கீன். இருளின் மொழியாக அவர் செய்த கறுப்பு மொழியில் எகரம் இல்லை, ஒகரம் அரிது, உகரமும் உரசொலியும் மண்டிக் கிடக்கின்றன. கதையில் அந்த மொழியில் எழுதிய மோதிர வாசகத்தை உரக்கப் படித்ததும் வெளிச்சமே மங்குகிறது. அந்த மோதிர வாசகம் பொறித்த கோப்பை ஒன்றை ரசிகர் ஒருவர் அனுப்பியபோது டோல்கீன் அதில் குடிக்கவில்லை, புகையிலைச் சாம்பல் தட்ட வைத்துக்கொண்டார். ஆனால் சொல்லுக்குச் சொல் குற்றியலுகரத்தில் முடிக்கும் தமிழர் காதில் அந்த உகரம் எவ்வளவு இருட்டாக ஒலிக்கும் என்பது சந்தேகம்தான்.

இன்னொரு மறுப்பு உடலைப் பற்றியது: மந்திரம் ஓதினால் மனம் அடங்குகிறதே, மூச்சு சீராகிறதே என்பது. அடங்குகிறது, சீராகிறது, அளந்தும் பார்த்திருக்கிறார்கள். இத்தாலியைச் சேர்ந்த லூசியானோ பெர்னார்டி குழுவினர் 2001இல் 23 பேரை லத்தீன் ஜெபமாலையும் ‘ஓம் மணி பத்மே ஹூம்’ மந்திரமும் சொல்ல வைத்தார்கள். இரண்டிலும் மூச்சு நிமிடத்துக்கு ஏறத்தாழ ஆறு முறையாகக் குறைந்தது, இதயத் துடிப்பின் ஏற்ற இறக்கம் அதோடு இசைந்தது. லத்தீனுக்கும் அந்த மந்திரத்துக்கும் ஒலியில் ஒற்றுமை தேட வேண்டாம். ஒரு முறை சொல்லி முடிக்க ஆகும் நேரம்தான் ஒற்றுமை. மகரத்தை நீட்டி முரலும்போது மூக்கில் நைட்ரிக் ஆக்சைடு வாயு, அமைதியாக மூச்சு விடும்போது வருவதைப்போல் 15 மடங்கு வெளிப்படுகிறது என்று 2002இல் சுவீடன் ஆய்வாளர்கள் காட்டினார்கள். அதற்கு ஓங்காரத்தின் மகரமும் ஒன்றுதான், தாலாட்டின் மகரமும் ஒன்றுதான். மூச்சின் நீளமும் முரலலும் உடலில் வேலை செய்கின்றன; நஸ்ப்சாத் என்ற அடுக்குக்கு அதில் பங்கு இல்லை. வேண்டுமானால் ஏனோக்கிய அழைப்பை ஒரு மூச்சுக்குப் பத்து விநாடி என்று நிறுத்தி ஓதினாலும் அதே ஆறு வரும், வாய்ப்பாட்டை அப்படிச் சொன்னாலும் வரும்.

கெல்லி கைப்பட எழுதிய லோகயெத் நூல் இப்போது பிரிட்டிஷ் நூலகத்தில் ஸ்லோன் 3189 என்ற எண்ணில் இருக்கிறது. அழைப்புகளுக்குப் பொருள் கொடுத்த தேவதூதர்கள், நாக்கு தடையில்லாமல் ஓடிய அந்த நூலுக்கு மட்டும் கடைசிவரை பொருள் சொல்லவில்லை.